கேம் பெட்டியில் ஒட்டிய பசை: தேங்காய் எண்ணெயா, ஆல்கஹாலா?

பழைய பிளேஸ்டேஷன் 2 கேம் வாங்கினால் விலை ஸ்டிக்கரும் கூடவே வரும். உரித்தால் காகிதம் பாதியில் கிழிந்து, பசை மட்டும் பிசுபிசுவென்று நிற்கும். எதில் துடைத்தாலும் முதலில் உள்ளே இருக்கும் அட்டைப்படத்தை உருவி எடுத்துவிடுங்கள். நனைந்தால் போச்சு.

தேங்காய் எண்ணெய் மெதுவானது, ஆனால் தடித்த பசைக்கு அதுதான் கைகொடுக்கும். தடவிக் கால் மணி நேரம் விட்டால் பசை இளகி, விரலால் தேய்த்தாலே உருண்டு வந்துவிடும். நகமோ பிளேடோ வேண்டாம், பெட்டியின் பிளாஸ்டிக் மேலுறையில் கீறல் விழும். தொல்லை அப்புறம்தான்: எண்ணெய்ப் பிசுக்கு போகப் பாத்திரம் கழுவும் சோப்பு போட வேண்டும். மேலுறைக்குள் புகுந்த எண்ணெயைத் துடைக்காமல் விட்டால் அட்டைப்படத்தில் கறை ஏறும்.

ஐசோபுரொப்பைல் ஆல்கஹால் உடனே ஆவியாகும், கழுவ வேண்டாம். மெல்லிய படலத்துக்கு அருமை. தடித்த பசைக்கு மட்டும் துடைக்கும் பஞ்சு நிறையத் தீரும்.

என் வழி: பசை கனமாக இருந்தால் எண்ணெய், கடைசித் துடைப்புக்கு ஆல்கஹால். அசிட்டோன் கலந்த நெயில் பாலிஷ் ரிமூவர் பக்கம் போகவே வேண்டாம். பிளேஸ்டேஷன் 2 பெட்டி பாலிபுரொப்பிலீன் என்ற பிளாஸ்டிக் என்பதால் பெரும்பாலும் தப்பிக்கும். முதல் பிளேஸ்டேஷனின் கண்ணாடி போன்ற சிடி பெட்டி பாலிஸ்டைரீன் என்ற வேறு பிளாஸ்டிக், அதை அசிட்டோன் கரைத்து மங்கலாக்கிவிடும்.