பிழையை எண்ணுவதா, கதையைக் கேட்பதா?

2019 முதல் சிங்கப்பூரில் தொடக்கநிலை 1, 2 பிள்ளைகளுக்கு மதிப்பெண் தேர்வு கிடையாது. நல்லதுதான். ஆனால் பிள்ளையின் தமிழ் வாசிப்பு எந்த அளவில் இருக்கிறது என்பதை வீட்டில் நாம்தான் பார்க்கவேண்டும். தொடக்கநிலை 2இல் படிக்கும் மகளிடம் மூன்று வழிகளை முயன்றேன்.

முதலாவது, கடையில் கிடைக்கும் பயிற்சி நூலான அசெஸ்மென்ட் புத்தகம். அதைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. கேள்வியில் உள்ள சொல்லைப் பத்தியில் தேடி, அந்த வரியை அப்படியே எழுதிவிடுகிறாள். பத்துக்கு எட்டு! என்ன படித்தாய் என்று கேட்டால் முழிக்கிறாள்.

அடுத்தது, நியூசிலாந்துக் கல்வியாளர் மேரி கிளே உருவாக்கிய முறை. பிள்ளை வாய்விட்டு வாசிக்க, நாம் பிழைகளைக் குறிக்கவேண்டும். தானே திருத்திக்கொண்டால் அது பிழையில்லை. நூறு சொல்லில் 95 அல்லது அதற்கு மேல் சரியென்றால் புத்தகம் எளிது. 90 முதல் 94 வரை, துணையோடு படிக்க ஏற்றது. அதற்கும் கீழே கடினம். நூலகத்தில் புத்தகம் தேர்ந்தெடுக்க இதைவிட நல்ல வழி எனக்குத் தெரியவில்லை. ல, ள, ழ தடுமாற்றமும், 'தங்கம்', 'பகல்' இரண்டிலும் 'க' வேறு வேறாக ஒலிப்பது அவளுக்குப் பிடிபடாததும் இதில்தான் தெரிந்தது.

ஆனால் இது ஆங்கிலத்தை வைத்து வந்த முறை. தமிழில் எழுத்து தெரிந்தால் பொருள் தெரியாமலே வாசித்துவிடலாம். 'வேளாண்மை'யைப் பிசகாமல் வாசித்தவள், "அது யாரோட பேரு?" என்றாள். இன்னொரு நாள் 'ஓடிக்கொண்டிருந்தது' என்பதை 'ஓடிக்கிட்டிருந்துச்சு' என்று வாசித்தாள். கணக்குப்படி பிழை. ஆனால் புரியாமல் அப்படி மாற்ற முடியுமா? பேனாவைக் கீழே வைத்துவிட்டேன்.

அப்புறம்தான் மூன்றாவது வழி: புத்தகத்தை மூடிவிட்டுக் கதையைப் பாட்டியிடம் சொல்லச் சொல்வது. யார், என்ன நடந்தது, எந்த வரிசையில் என்று காதால் கேட்டாலே போதும். "அந்த ஃபாக்ஸ் ட்ரிக் பண்ணி..." என்று ஆங்கிலம் நுழையும் இடங்களைக் குறித்துக்கொள்கிறேன்; அவளிடம் இல்லாத தமிழ்ச் சொற்களின் பட்டியல் அதுவே. கூச்சப்படும் பிள்ளைகளிடம் இது எடுபடாது. எழுத்துப் பிழையும் இதில் தெரியாது.

என் தெரிவு கதை சொல்லல்தான், வாரம் ஒருமுறை. புத்தகத்தின் நிலையை மாற்றும்போது மட்டும் பிழை எண்ணுகிறேன். தொடக்கப்பள்ளி இறுதித் தேர்வின் வாய்மொழியிலும் வாய்விட்டு வாசித்தல், காணொளி பார்த்து உரையாடல் இரண்டும் உண்டு.

இந்த வாரப் பட்டியலில்: நரி, தந்திரம், வேளாண்மை. மூன்றாவதைப் பாட்டியே விளக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.