வாக்குமூலத்துக்கு யாரை அனுப்புவது: முத்திரை உள்ளவரா, கடல் தெரிந்தவரா?

போன வருடம் வளைகுடாவில் மீன்பிடிக்கப் போன அத்தானைக் கடல் எல்லை தாண்டிய வழக்கில் பிடித்து வைத்தபோது, எங்கள் வீட்டில் 2 நாள் இதே பேச்சுதான். அவர் சொல்வதை அரபியில் எடுத்துச் சொல்ல, முத்திரை வைத்திருக்கும் அங்கீகாரம் பெற்ற மொழிபெயர்ப்பாளரையே நம்பி இருப்பதா, இல்லை 18 வருடமாக அங்கே மீன் சந்தையில் வேலை பார்க்கும் முட்டத்து அண்ணனை அனுப்புவதா? அண்ணனைத்தான் அனுப்பினோம். இப்போது கேட்டாலும் அதையே சொல்வேன். தூத்தூர், சின்னத்துறை, குளச்சல் என்று எங்கள் குமரிக் கடலோர ஊர்களில் இந்த நிலைமை எந்த வீட்டுக்கும் வரலாம் என்பதால் எழுதுகிறேன்.

செலவு பற்றிப் பெரிதாகச் சொல்ல ஒன்றுமில்லை. முத்திரை உள்ளவர் பக்கத்துக்கு இவ்வளவு என்று வாங்குவார். அண்ணன் டாக்ஸிக் காசுகூட வாங்கவில்லை. சட்டச் சொற்கள் யாருக்கு நன்றாகத் தெரியும் என்றால், சந்தேகமே இல்லாமல் முத்திரை உள்ளவருக்குத்தான்.

ஆனால் வழக்கு தொங்கியது சட்டச் சொல்லில் இல்லை. முதல் விசாரணைக்கு வந்த மொழிபெயர்ப்பாளருக்கு இந்தியும் அரபியும் தெரியும், தமிழ் தெரியாது. அத்தானுக்கு இந்தி அரைகுறை. நடந்தது இதுதான்: இன்ஜின் நின்றுவிட்டது, ராத்திரி முழுக்க நீவாடு (கடல் நீரோட்டம்) இழுத்தது, விடியும்போது எல்லைக்கு அந்தப் பக்கம் கிடந்தார்கள். ‘போட்டு அங்க போயிருச்சு’ என்று நாம் சொன்னால், யாரும் ஓட்டிக்கொண்டு போகவில்லை என்பது அந்த ‘போயிருச்சு’விலேயே இருக்கிறது. அத்தானுடைய இந்தியில் அது ‘போட் உதர் கயா’ (படகு அங்கே போனது) என்று ஆனது. அரபிக் காகிதத்தில் ‘நுழைந்தோம்’ என்று ஏறியிருந்தது. வலை கதையும் அப்படித்தான். வலை படகுக்குள் கிடந்தது என்று அவர் சொன்னது, கடலில் கிடந்ததாக எழுதப்பட்டிருந்தது.

இந்த ஒரு சொல்லில் எவ்வளவு இருக்கிறது என்று அப்புறம்தான் புரிந்தது. 1982-ஆம் வருடத்து ஐ.நா. கடல் சட்ட உடன்படிக்கையின் 18-ஆவது பிரிவு, கரையோர நாட்டின் 12 கடல் மைலுக்குள் கடந்து போகும் கலம், ஆபத்தாலோ தவிர்க்க முடியாத காரணத்தாலோ நின்றுபோனால் அதைக் குற்றமாகப் பார்ப்பதில்லை. அதற்கு வெளியே, மீன்வளம் அந்த நாட்டுக்கே உரிய பொருளாதார மண்டலத்தில் மீன்பிடித்ததாகவே வைத்துக்கொண்டாலும், 73-ஆவது பிரிவின்படி தகுந்த பிணை கட்டினால் படகையும் ஆட்களையும் சீக்கிரம் விட வேண்டும். இரு நாடுகளுக்குள் தனி ஒப்பந்தம் இல்லாவிட்டால் சிறைத் தண்டனை கூடாது. ஆக, ஓட்டிப் போனார்களா, இழுத்துப்போனதா, வலை எங்கே கிடந்தது என்பதுதான் மொத்த வழக்கும். தூதரக அதிகாரி எவ்வளவு நன்றாகப் பேசினாலும், அவர் கையில் இருப்பது அந்த வாக்குமூலம்தான்.

வக்கீலோடு போன அண்ணன் கேட்ட முதல் கேள்விகளை அத்தான் இப்போதும் சொல்வார். “மக்கா, இன்ஜின் எப்ப நின்னுச்சு? நீவாடு எந்தப் பக்கம் இழுத்துச்சு? நங்கூரம் பிடிச்சுதா, இழுபட்டுதா? கயிறு எத்தன பாகம் விட்ட?” (பாகம் என்பது இரண்டு கையையும் விரித்த நீளம்.) கடலுக்குப் போகாதவருக்கு இந்தக் கேள்விகள் தோன்றாது. நங்கூரம் போட்டவன் அந்தப் பக்கம் போக நினைக்கவில்லை என்பதற்கு வேறு சாட்சி எதற்கு? அடித்துச் செல்லப்படுவதற்கு அரபியில் ‘இன்ஜரஃபா’ என்று தனிச் சொல் இருக்கிறது. இரண்டாவது வாக்குமூலத்தில் அதுதான் வந்தது.

சில விஷயங்களை மறைக்கக் கூடாது. அண்ணன் எழுதிய காகிதம் அப்படியே செல்லுபடியாகவில்லை. முத்திரை உள்ளவர் ஒருவர் படித்துக் கையெழுத்திட்ட பிறகுதான் எடுத்துக்கொண்டார்கள். ஒரு மாதத்தில் விட்டதற்கு, அத்தான் வேலை பார்த்த படகின் அரபி முதலாளி அபராதம் கட்டியதும் ஒரு காரணம். எது எவ்வளவு என்று என்னால் பிரித்துச் சொல்ல முடியாது. கொலை, போதைப்பொருள் போன்ற வழக்கில் நான் இந்த யோசனையைச் சொல்ல மாட்டேன், எனக்கு அந்த அனுபவம் இல்லை. ஊர் ஆளுக்கும் அங்கே சொந்த நலன் இருக்கலாம் என்பதையும் பார்க்க வேண்டும். 18-ஆம் நூற்றாண்டில் புதுச்சேரியின் பிரெஞ்சு ஆளுநர் துய்ப்ளேவுக்குத் துபாஷியாக (மொழிபெயர்ப்பாளராக) இருந்த ஆனந்தரங்கப் பிள்ளை பெரிய வியாபாரியும்கூட. இரண்டு பக்கமும் பேசுகிறவருக்கு மூன்றாவதாகத் தன் பக்கமும் இருப்பது பழைய விஷயம். முதலாளியிடம் சம்பளம் வாங்குகிறவரை அனுப்பாதீர்கள். எங்கள் அண்ணன் வேறு ஆளிடம் வேலை பார்த்ததால்தான் தைரியமாக அனுப்பினோம்.

யாரை அனுப்பினாலும், பிடிபட்டவர் முதலில் கேட்க வேண்டியது ‘எங்கள் தூதரகத்துக்குச் சொல்லுங்கள்’ என்பதுதான். 1963-ஆம் வருடத்து வியன்னா உடன்படிக்கையின் 36-ஆவது பிரிவு தரும் உரிமை அது. அவர் கேட்டால் தாமதமில்லாமல் தெரிவித்தாக வேண்டும். அடுத்தது, எழுதியதைத் தமிழில் வாசித்துக் காட்டாமல் கையெழுத்துப் போடக் கூடாது. அண்ணன் அப்படி வாசித்தபோது அத்தான் ஓரிடத்தில் நிறுத்தினாராம். “அண்ணே, கயிறு 40 பாகம்னு போட்டிருக்கு. 30 தான் விட்டேன்.” அண்ணன் அதை அடித்துவிட்டு 30 என்று எழுதி, பக்கத்தில் அத்தானிடம் கையெழுத்து வாங்கினார்.