டமியா 1/35 எஸ்.ஏ.எஸ். ஜீப்: கட்டுமுன் கவனிக்க வேண்டியவை

1942 ஜூலை 26 இரவு, எகிப்தில் ஜெர்மானியர் வசமிருந்த சிடி ஹனீஷ் விமானத் தளத்துக்குள் 18 ஜீப்புகள் சுட்டுக்கொண்டே புகுந்தன. டேவிட் ஸ்டிர்லிங்கின் எஸ்.ஏ.எஸ். என்ற பிரிட்டிஷ் சிறப்புப் படை அது. 1941 நவம்பரில் பாராசூட்டில் குதித்த முதல் முயற்சியில், புயலில் சிக்கிப் பாதிக்கு மேற்பட்டோரை இழந்தார்கள். அதன் பிறகுதான் பாலைவனத்தைச் சக்கரத்தில் கடக்கும் வழிக்கு வந்தார்கள். அந்த வண்டியைத்தான் ஜப்பானின் டமியா நிறுவனத்தின் 35033 எண்ணுள்ள இந்த பிளாஸ்டிக் மாடல் கிட், நிஜ அளவில் 35-ல் ஒரு பங்காகத் தருகிறது. கட்டி முடித்தால் சுமார் ஒன்பதரை சென்டிமீட்டர் நீளம்.

மோல்டு, அதாவது பாகங்களை வார்க்கும் அச்சு, 1970களைச் சேர்ந்தது. பாகங்கள் குறைவு, பொருத்தம் நன்று, புதிதாகக் கட்டுபவருக்கும் கைகூடும். அடிச்சட்டத்தின் நுணுக்கத்தில் டமியாவின் பிந்தைய வில்லிஸ் ஜீப் கிட் இதைவிட மேல்.

முகப்பில்தான் இந்த வண்டியின் உயிர் இருக்கிறது. கிரில் கம்பிகளை வெட்டி எடுத்தது ரேடியேட்டருக்குக் காற்று கூடுதலாகப் போவதற்காக. முன்னால் நிற்கும் உருளை கண்டென்சர். ரேடியேட்டர் கொதித்து வெளியேறும் ஆவி ஒரு குழாய் வழியாக அதற்குள் போய்த் தண்ணீராகும். இன்ஜின் ஆறியதும் அந்தத் தண்ணீரை ரேடியேட்டர் திரும்ப உறிஞ்சிக்கொள்ளும். குடிநீரையே அளந்து குடித்த இடத்தில் இது பெரிய விஷயம். ஆகவே அந்தக் குழாயை விட்டுவிடாதீர்கள். 0.7 மி.மீ. ஈயக் கம்பியை வளைத்து ஒட்டினால் அளவு சரியாக வரும். செம்புக் கம்பி விறைப்பாக நின்று ரப்பர் குழாய் போலத் தெரியாது.

துப்பாக்கிகள் விக்கர்ஸ் கே, விமானங்களுக்காகச் செய்தவை. நிமிடத்துக்குச் சுமார் ஆயிரம் குண்டுகள் பாயும் வேகத்தில் நூறு குண்டு டிரம் ஆறு நொடியில் காலி. அதனால் சுடுபவர் கைக்கெட்டும் தூரத்தில் உதிரி டிரம்கள் அடுக்கியிருக்க வேண்டும். குழல் முனைகளில் துளை இருக்காது. 0.3 மி.மீ. துரப்பணத்தை நேராக வைத்தால் வழுக்கி ஓரம் கிழிந்துவிடும். முதலில் ஊசி முனையால் நடுவில் ஒரு குழி பதியுங்கள், பிறகு விரலால் மெதுவாகத் திருகுங்கள்.

ஜெர்ரி கேன்களில், அதாவது வண்டியில் பெட்ரோல் ஏற்றிச் செல்லும் தகரக் கேன்களில், எல்லோரும் செய்யும் தவறு ஒன்று உண்டு. இரு பாதிகளை ஒட்டியதும் நடுக்கோட்டைப் புட்டி (இடைவெளி நிரப்பும் பசை) போட்டு மறைத்துவிடுவார்கள். நிஜக் கேனும் இரு பாதிகளைப் பற்றவைத்ததுதான், அந்தக் கோடு இருந்தே ஆக வேண்டும். பிதுங்கிய பசையை மட்டும் சுரண்டினால் போதும்.

20 லிட்டர் கேன் நிறைந்தால் ஏறக்குறைய 20 கிலோ. 12 கேன் ஏற்றினாலே 240 கிலோ, கால் டன் (அமெரிக்க டன் கணக்கில் சுமார் 227 கிலோ) வண்டியின் கணக்கு அங்கேயே தாண்டிவிடுகிறது. குறிப்புத்தாளின்படி கட்டினால் மாடல் காலி வண்டி போல நிமிர்ந்து நிற்கும். பின் அச்சு ஸ்பிரிங்கைத் தொடும் இடத்தில் அரத்தால் 1 மி.மீ. தேய்த்தால், நிஜத்தில் 3.5 செ.மீ. அமுங்கியதற்குச் சமம். இதைச் சக்கரம் மாட்டும் முன்பே செய்துவிடுங்கள். பிறகு செய்தால் நான்கு சக்கரமும் தரையில் படியாது.

வண்ணத்தில் துருவைக் குறையுங்கள், வறண்ட காற்று அது. மணல் உரசித் தேய்ந்த விளிம்புகளும், கேன் மூடிகளுக்குக் கீழே வழிந்த பெட்ரோல் கறையும் போதும்.