விசெம்பூரும் நெஃப்-பிரிசாக்கும்: அல்சாஸின் இரு எல்லை ஊர்கள்

பிரான்சின் கிழக்கு விளிம்பில், ஜெர்மனியை ஒட்டிய அல்சாஸ் பகுதியில் உள்ள இவ்விரு சிற்றூர்களில் ஒன்று வளர்ந்தது, மற்றொன்று வரையப்பட்டது.

1697ஆம் ஆண்டின் ரிஸ்விக் உடன்படிக்கையால் ரைன் ஆற்றின் மறுகரையிலிருந்த பிரைசாக் கோட்டையைப் பிரான்சு இழந்தபோது, அதற்கு ஈடாக மன்னர் பதினான்காம் லூயிக்காகக் கோட்டைப் பொறியாளர் வோபான் வடிவமைத்ததே நெஃப்-பிரிசாக். எண்கோண மதில், கட்டம் கட்டமான தெருக்கள், நடுவில் அகன்ற அணிவகுப்புத் திடல் என அனைத்தும் அளவு பிசகாமல் அமைந்த இந்த ஊர், 2008இல் யுனெஸ்கோ பட்டியலில் இடம்பெற்றது.

விசெம்பூர் அப்படிப்பட்டதன்று. ஏழாம் நூற்றாண்டில் எழுந்த மடாலயத்தைச் சுற்றி, லவுட்டர் ஆற்றங்கரையில் அது மெல்ல மெல்லப் பெருகியது. ஒன்பதாம் நூற்றாண்டில் ஓட்ஃபிரிட் என்னும் துறவி, இயேசுவின் வரலாற்றைப் பழைய ஜெர்மானிய மொழியில் எதுகையோடு பாடியது இம்மடத்தில்தான். இன்று பிரான்சுக்குள் இருக்கும் ஊர் ஜெர்மன் இலக்கியத்தின் தொடக்கப் பக்கங்களில் நிற்பது எனக்குத் தீராத வியப்பு. நாடிழந்த போலந்து மன்னர் ஸ்தனிஸ்லாஸ் இங்கே தஞ்சம் புகுந்திருந்த காலத்தில்தான், 1725இல், அவருடைய மகள் மரி பதினைந்தாம் லூயியை மணந்து பிரான்சின் அரசியானார். 1870 ஆகஸ்ட் 4 அன்று பிரான்சு-பிரஷ்யப் போரின்போது இவ்வூரை ஒட்டி நடந்த சண்டையில் பிரெஞ்சுத் தளபதி அபெல் துவே மாண்டார்; அடுத்த ஆண்டே ஊர் ஜெர்மனியின் கைக்குப் போய், 1918இல்தான் மீண்டது.

கோட்டைக் கலையைக் கற்க நெஃப்-பிரிசாக்குக்கு இணையில்லை. எல்லையில் வாழ்ந்த மக்களை அறிய வேண்டுமானால், 1448இல் கட்டப்பட்டு, அலையலையாய்த் தொய்ந்த ஓட்டுக்கூரையில் சிறு சாளரங்கள் வரிசையிட்டு நிற்கும் விசெம்பூரின் உப்பு மாளிகை முன்பே நான் நிற்பேன்.