"ஆபீசர் மனசு வைக்கணும்" என்று சொல்லி 85,000 ரூபாய் வாங்கிக்கொண்டார்

பாலக்காடு மாவட்ட எல்லையில் கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம், கோபாலபுரம் பக்கம் எம்-சாண்ட், ஜல்லி யார்டு போட நினைக்கிறவர்கள், ஏஜென்ட் கையில் பணம் கொடுப்பதற்கு முன்னால் இதைப் படித்துவிடுங்கள்.

கிணத்துக்கடவு கிரஷரில் லோடு எடுத்து, இங்கே வீடு கட்டுகிறவர்களுக்கு நேராக இறக்கிக்கொண்டிருந்தேன். ஒரே இடத்தில் கொட்டிவைத்து விற்கவேண்டுமென்றால், கேரளத்தின் 2015ஆம் வருஷ கனிம விதிகளின்படி சுரங்க-புவியியல் துறையின் டீலர் லைசென்ஸ் வேண்டும். ரோட்டோரமாக ஓர் இடத்தை வாடகைக்குப் பிடித்தேன். அப்போதுதான் அந்த ஏஜென்ட் வந்தார். "அண்ணா, பேப்பர் எல்லாம் சும்மா. கொடுக்கிறதும் கொடுக்காததும் ஆபீசர் இஷ்டம். அவர் மனசு வைக்கணும், அதை நான் பார்த்துக்கிறேன்" என்றார். மூன்று தவணையாக 85,000 ரூபாய் கொடுத்தேன்.

விண்ணப்பத்தில் அவர் என் போன் நம்பரைப் போடவில்லை, தன்னுடையதைப் போட்டிருக்கிறார். இடத்துக்காரரின் சம்மதப் பத்திரம் குறைகிறது, கொண்டு வாருங்கள் என்று ஆபீசிலிருந்து வந்த தகவல் என் கண்ணுக்கே வரவில்லை. கெடு முடிந்து விண்ணப்பம் தள்ளுபடி. அந்த உத்தரவு மலையாளத்தில் இருந்தது. நான் தமிழ் மீடியம். "இன்னும் 40,000 கேட்டு எழுதியிருக்காங்க" என்று ஏஜென்ட் அதையே எனக்கு வாசித்துக் காட்டினார். எட்டு மாதம் கழித்து, பாலக்காடு மாவட்டத்துச் சித்தூர் கோர்ட்டில் வக்கீலாக இருக்கும் என் மச்சான் படித்துச் சொன்ன பிறகுதான் உண்மை தெரிந்தது. இல்லாமல் போனது ஒரே ஒரு பேப்பர்தான்.

மச்சான் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். "ஆபீசர் இஷ்டம்" என்ற பேச்சுக்கு 1954 ஜனவரியிலேயே சுப்ரீம் கோர்ட் முடிவு கட்டிவிட்டது. கான்பூர் நிலக்கரி வியாபாரி ஒருவர் தொடுத்த வழக்கு அது. லைசென்ஸ் கொடுக்கவும் மறுக்கவும் ரத்து செய்யவும் அதிகாரிக்கு வரம்பில்லாத அதிகாரம் கொடுத்திருந்தது உத்தரப் பிரதேசத்தின் 1953ஆம் வருஷ நிலக்கரிக் கட்டுப்பாட்டு உத்தரவு. எதைப் பார்த்து முடிவெடுக்க வேண்டும் என்று அதில் ஒரு வரி கிடையாது. காரணத்தை எழுதவேண்டும் என்று மட்டும் இருந்தது, ஆனால் அந்தக் காரணம் சரியா என்று பார்க்க மேலே யாரும் இல்லை. தொழில் செய்யும் உரிமையை இப்படி ஒருவர் கையில் விட முடியாது என்று கோர்ட் அந்தப் பிரிவையே செல்லாது என்றது. பிறகு 1977 டிசம்பரில், தேர்தல் கமிஷன் சம்பந்தப்பட்ட வழக்கில் இன்னொன்றும் சொன்னது: உத்தரவில் எழுதியிருக்கும் காரணத்தை வைத்துத்தான் அது சரியா தப்பா என்று பார்க்கவேண்டும், பிற்பாடு புதுக் காரணம் சேர்க்கக் கூடாது.

அதற்காகக் கேட்டவருக்கெல்லாம் லைசென்ஸ் என்று அர்த்தமில்லை. பேப்பர் குறைந்தால் மறுக்கலாம், என் விஷயத்தில் ஆபீஸ் செய்தது சரிதான். ஆனால் வாய்வார்த்தையாக "இல்லை" என்று யாராவது சொன்னால் காரணத்தோடு எழுத்தில் கேளுங்கள். நம் ஃபைல் எந்த நிலையில் இருக்கிறது என்று தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டிக் கேட்டால் 30 நாளில் பதில் தரவேண்டும். மொழிச் சிறுபான்மைப் பகுதியாக அறிவித்த இடங்களில் தமிழில் எழுதினால் தமிழிலேயே பதில் தரவேண்டும் என்று கேரளச் சட்டமே சொல்கிறது. இது எனக்கு முன்பே தெரிந்திருந்தால் அந்த ஆள் அப்படி வாசித்துக் காட்டியிருக்க முடியுமா?

பணம் கொடுத்த விஷயம்தான் இன்னும் மனதை அறுக்கிறது. ஊழல் தடுப்புச் சட்டத்தின் 2018 திருத்தத்துக்குப் பிறகு லஞ்சம் கொடுப்பவரும் குற்றவாளிதான், ஏழு வருஷம் வரை சிறை. கட்டாயத்தால் கொடுத்தவர் 7 நாளுக்குள் போலீசிலோ விஜிலன்சிலோ சொன்னால் விலக்கு உண்டு. அதிகாரியை வளைத்துத் தருகிறேன் என்று பணம் வாங்கும் இடைத்தரகருக்கும் 3 முதல் 7 வருஷம் வரை சிறை. எனக்கு அந்த 7 நாள் என்றைக்கோ போய்விட்டது. என்ன ஆனாலும் பரவாயில்லை என்று எல்லாவற்றையும் எழுதிப் புகார் கொடுத்துவிட்டேன்.

போன வாரம் சம்மதப் பத்திரத்தோடு மறுபடி விண்ணப்பித்தேன். இந்த முறை என் நம்பர், என் கையெழுத்து. ரசீதும் என் கையில் இருக்கிறது.