ஒரு தீபாவளி, மூன்று புத்தகம்

மதம், வரலாறு என்று நாம் படித்து வைத்திருப்பதைக் கொஞ்சம் புரட்டிப் போடுகிற தமிழ்ப் புத்தகம் வேண்டும் என்று கேட்பவர்களிடம் மூன்று பேரைச் சொல்வேன்: அயோத்திதாசர், மயிலை சீனி. வேங்கடசாமி, தொ. பரமசிவன். இன்றைய கோயிலுக்கும் பண்டிகைக்கும் அடியில் வேறொன்று புதைந்து கிடக்கிறது என்ற சந்தேகம் மூவருக்கும் உண்டு. தோண்டுகிற விதம்தான் ஆளுக்கு ஆள் மாறும். யாரிடமிருந்து தொடங்குவது என்று குழம்புபவர்கள், தீபாவளியைப் பற்றி மூவரும் எழுதியதை மட்டும் அடுத்தடுத்து படித்துப் பார்த்தால் போதும்.

வேங்கடசாமியின் 'சமணமும் தமிழும்' 1954இல் வந்தது. பள்ளி ஆசிரியராக இருந்தவர். எழுத்திலும் அது தெரியும். பாவாபுரியில் மகாவீரர் இரவெல்லாம் அறவுரை சொல்லிவிட்டு விடியும் நேரத்தில் வீடுபேறு அடைந்தார், அந்த நினைவாக விளக்கு வரிசை ஏற்றினார்கள், தீப ஆவலி என்ற பெயரே அதுதான் என்கிறார். சமணர்கள் பின்னாளில் இந்து மதத்துக்குள் வந்தபோது பண்டிகையையும் கையோடு கொண்டுவந்தார்கள். அதற்குப் பொருத்தமாக நரகாசுரன் கதை வந்து சேர்ந்தது. இதில் எனக்குப் பிடித்தது அவர் எழுப்பும் ஒரு சின்னக் கேள்வி. அந்தக் காலத்துப் போர்வீரர்கள் சூரியன் உதித்த பிறகுதான் போரைத் தொடங்குவார்கள். அப்படியிருக்க, அசுரனைக் கொன்றதற்கான பண்டிகையை ஏன் இருட்டோடு எழுந்து கொண்டாடுகிறோம்?

நல்ல கேள்வி. ஆனால் சமணப் பண்டிகை என்றால் அன்றைக்கு ஆட்டுக்கறி எங்கிருந்து வந்தது என்று எங்கள் பாட்டி இருந்திருந்தால் கேட்டிருப்பாள்.

தொ.ப.வின் 'அறியப்படாத தமிழகம்' 1997இல் வந்த சிறிய புத்தகம். உப்பு, உரல், தாலி, பல்லாங்குழி என்று இரண்டு மூன்று பக்கக் கட்டுரைகள். பேருந்தில் போகும்போதே ஒன்றை முடித்துவிடலாம். மகாவீரர் விஷயத்தை அவரும் ஏற்கிறார். அங்கே நின்றுவிடாமல், இது தமிழரின் திருவிழாவே அல்ல, விஜயநகர ஆட்சிக்குப் பிறகு இங்கே வேரூன்றியது, நம்முடைய விளக்குத் திருவிழா திருக்கார்த்திகைதான் என்று போகிறார். படித்ததும் எனக்கு எங்கள் வீட்டு வாசல்தான் கண்ணில் வந்தது. தீபாவளிக்கு அங்கே மத்தாப்புக் கம்பி கிடக்கும், வெடித்த காகிதம் கிடக்கும், அகல் விளக்கு இருக்காது. பரணில் இருக்கும் அகல்களைக் கழுவிக் காயவைப்பது கார்த்திகைக்குத்தான். இத்தனை வருடம் பார்த்தும் தோன்றாத ஒன்றை இரண்டு பக்கத்தில் காட்டிவிடுகிறார். அதுதான் அவருடைய பலம். பலவீனமும் அதே இரண்டு பக்கம்தான். சான்று என்ன என்று நிமிர்ந்து கேட்பதற்குள் கட்டுரை முடிந்து, அடுத்தது தொடங்கிவிடும்.

அயோத்திதாசரிடம் வந்தால் தரையே வேறு. 1898இல் இலங்கை சென்று பௌத்தம் தழுவியவர், சித்த மருத்துவர். 1907இல் 'ஒரு பைசாத் தமிழன்' இதழைத் தொடங்கி எழுதியவை, ஞான. அலாய்சியஸ் தொகுத்து, பாளையங்கோட்டை நாட்டார் வழக்காற்றியல் ஆய்வு மையத்தின் வெளியீடாக 1999 முதல் வரத் தொடங்கின. அவர் கணக்கில் தீபாவளி என்பது 'தீபவதி'. பௌத்த மடத்தார் எள்ளிலிருந்து நெய் எடுக்கக் கண்டறிந்து, அதை மக்கள் தேய்த்துக்கொண்டு தீபவதி ஆற்றில் குளித்த நாள். கார்த்திகைக்கும் அதே போக்குதான்: ஆமணக்கு நெய்யில் விளக்கெரித்த நாள்.

நம்ப முடிகிறதா? என்னால் முடியவில்லை. ஐந்து இந்திரியங்களை வென்ற புத்தரே இந்திரர், அவர் பெயரால்தான் இது இந்திய தேசம் என்று அவர் சொல்லும்போதும் அப்படித்தான். மொழியியல் தெரிந்தவர் தலையில் கைவைத்துக்கொள்வார். ஆனால் ஒன்று: மகாவீரர் கதை விடியற்காலை நேரத்தை விளக்குகிறது, நல்லெண்ணெயை விளக்கவில்லை. தலையில் ஒரு கை எண்ணெயை வைத்துத் தேய்ப்பதுதான் நம் வீட்டுத் தீபாவளியின் முதல் காரியம். ஒரு வைத்தியர் அதிலிருந்து தொடங்கியதில் ஆச்சரியம் இல்லை. அவருடைய விடை தவறாகவே இருக்கட்டும். எண்ணெய் எங்கிருந்து வந்தது என்ற கேள்வி அப்படியே நிற்கிறது. தாழ்த்தப்பட்ட ஒரு மக்கள் கூட்டம் ஒருகாலத்தில் இந்த மண்ணின் அறிவைக் கையில் வைத்திருந்தது என்று நிறுவ, ஒருவர் பண்டிகைகளை ஒவ்வொன்றாகத் திரும்ப எழுதிப் பார்க்கிறார் என்று படித்தால் அந்தப் பக்கங்களின் கனம் புரியும். நடை கரடுமுரடு. ஒரு நாளைக்கு நான்கு பக்கத்துக்கு மேல் எனக்கு ஓடாது.

சரி, எதை வாங்குவது? முதல் புத்தகம் என்றால் யோசிக்காமல் தொ.ப. ஊர் சுற்றுகிறவர் என்றால் வேங்கடசாமி. 1940இல் வந்த அவருடைய 'பௌத்தமும் தமிழும்' ஊர் ஊராகப் பௌத்தத் தடம் இருந்த இடங்களைச் சொல்கிறது. அதைப் பையில் வைத்துக்கொண்டு நாகப்பட்டினமோ காஞ்சிபுரமோ போவது தனி அனுபவம். பட்டியல்களைப் பொறுமையாகப் படிக்க வேண்டும், அவ்வளவுதான். அயோத்திதாசரை இந்த இரண்டு பேரையும் படித்த பிறகு எடுங்கள். முதலிலேயே எடுத்தால் பத்தாம் பக்கத்தில் மூடிவைத்துவிட வாய்ப்பு அதிகம்.

தொ.ப.விடம் சான்று கேட்பவர்களுக்கு அவருடைய இன்னொரு புத்தகம் இருக்கிறது: 'அழகர் கோயில்'. முனைவர் பட்ட ஆய்வு, 1989இல் மதுரை காமராசர் பல்கலைக்கழகம் வெளியிட்டது. அழகர்கோயில் ஆதியில் பௌத்தக் கோயில் என்ற வேங்கடசாமியின் கருத்தை அதில் எடுத்துப் பரிசீலிக்கிறார். கள்ளர், இடையர், பள்ளர், வலையர் என ஒவ்வொரு சாதியாருக்கும் அந்தக் கோயிலோடு என்ன உறவு என்று தனித்தனியாகப் பார்க்கிறார். அதைப் படித்துவிட்டு அங்கே போனேன். பதினெட்டாம்படிக் கருப்பசாமிக்குச் சிலை கிடையாது. மூடியிருக்கும் பெரிய கதவுதான் சாமி. கதவு முழுக்கச் சந்தனம் பூசியிருந்தது. எனக்கு முன்னால் நின்றவர் செருப்பைத் தள்ளிப் போட்டுவிட்டு, உள்ளே இருக்கும் பெருமாளைப் பற்றி ஒரு வார்த்தை பேசாமல், கதவைப் பார்த்துக் கும்பிட்டுவிட்டு அப்படியே திரும்பிப் போனார்.