இரணைமடுத் தண்ணீர் யாருக்கு? நீதி பற்றிய நான்கு பார்வைகள்

யாழ்ப்பாணக் குடாநாட்டில் வற்றாத ஆறு ஒன்றுமில்லை. சுண்ணாம்புக் கல்லுக்குள் தங்கும் மழைநீர்தான் கிணறுகளில் ஊறுகிறது. நீதி எது என்ற கேள்வியை இங்கே தண்ணீரை வைத்துத்தான் கேட்கவேண்டும். கிளிநொச்சியின் இரணைமடுக் குளத்திலிருந்து யாழ்ப்பாணத்துக்குக் குடிநீர் கொண்டுவரத் திட்டமிட்டபோது, தங்கள் பயிருக்குத் தண்ணீர் போதாமற் போகும் என்று அங்குள்ள விவசாயிகள் எதிர்த்தார்கள். நியாயம் எந்தப் பக்கம்?

ஆங்கில மெய்யியலாளர் பெந்தமின் பயன்பாட்டுவாதம் மொத்த நன்மையைக் கூட்டிப் பார்க்கும். குடாநாட்டில் சனம் கூட. தண்ணீர் இங்கே வரட்டும் என்று அது சொல்லக்கூடும். என்னால் இதை ஏற்க முடியவில்லை. சிறுபோகத்தை, அதாவது கோடைகால நெற்செய்கையை, இழந்தவரின் நட்டத்தை வேறொருவரின் வசதி ஈடுசெய்யாது.

அமெரிக்க மெய்யியலாளர் ரொபர்ட் நோசிக் 1974இல் சொத்துரிமையிலிருந்து தொடங்கினார். நேர்மையாக வந்த உடைமை உடையவருக்கே. "என்ர காணி, என்ர கிணறு" என்று நம்மவர் பலர் நினைப்பதும் இதுதான். ஆனால் நோசிக்கே இதற்கு வரம்பு வைக்கிறார்: பாலைவனத்தின் ஒரே நீர்க்குழியைத் தனதாக்கிக்கொண்டு ஒருவர் நினைத்த விலை கேட்க முடியாது. மற்றவர்களின் குழிகள் வற்றி அவருடையது மட்டும் மிஞ்சினாலும் முடியாது. வலிகாமத்தில் அளவுமீறி மெஷினால் இறைத்தால் அடியிலுள்ள உவர்நீர் மேலேறி அயலவரின் கிணற்றையும் கெடுக்கும். காணி உரிமை பேசுவோர் அவசியம் வாசிக்கவேண்டியது நோசிக் வரம்பு வைக்கும் அந்தப் பகுதியை.

இன்னொரு அமெரிக்க மெய்யியலாளர் ஜோன் றோல்ஸ் 1971இல் வைத்த சோதனை வேறு. நெடுந்தீவில் பிறப்போமா, நல்லூரிலா, இரணைமடு வாய்க்காலின் கடைசி வயலருகிலா என்று தெரியாமல் விதி எழுதச் சொல்கிறார். அப்போது மிகவும் நலிந்தவரைக் காக்கும் விதியையே எழுதுவோம். என் மனம் இந்தப் பக்கம்தான் சாய்கிறது. ஆனால் மிகவும் நலிந்தவர் யார்? தண்ணீர்ப் பவுசருக்குக் காத்திருக்கும் தீவகத்துப் பெண்ணா, குத்தகைக்கு விதைக்கிறவரா?

இங்கேதான் பொருளியலாளரும் மெய்யியலாளருமான அமர்த்தியா சென் தேவைப்படுகிறார். கையில் உள்ளதைக் கொண்டு ஒருவரால் எப்படி வாழ முடிகிறது என்று பார் என்கிறார். குறையற்ற நீதியைத் தேடிக் காத்திராமல், கண்முன் உள்ள வழிகளை ஒப்பிட்டு, எல்லோரும் கேட்க வாதிடச் சொல்கிறார். வடமராட்சி கிழக்கிலுள்ள தாளையடியில் கடல்நீரைக் குடிநீராக்குவது குளத்து நீர் மீதான போட்டியைத் தணிக்கிறது. அந்தப் பகுதி மீனவர்களோ, திரும்பக் கடலில் விடப்படும் உப்புச் செறிந்த நீரால் தொழில் கெடுமோ என்று அஞ்சினார்கள். சென் சொல்லும் வழியில் போனால், அந்தக் கடலின் நீர்ப் பரிசோதனை முடிவுகளை அவர்கள் முன்னே வைத்து, அவர்களின் கேள்விகளுக்கு நேரே பதில் சொல்லவேண்டும்.